முதலில் யாரைத் தூக்குவது

விமானத்திலிருந்து இன்னும் ஒருவர்கூடக் குதிக்கவில்லை. அதற்குள் திரையின் மேல் ஓரத்தில் கண் திறந்திருந்தது.

கண் என்றால் ஒரு சின்னக் குறிதான். கடுகளவு வெள்ளைக் கண், பக்கத்தில் ஓர் எண். இந்த விளையாட்டை ஆடாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நூறு பேர் ஒரு தீவில் குதிப்பார்கள். கைக்குக் கிடைத்த துப்பாக்கியால் ஒருவரை ஒருவர் சுடுவார்கள். சுற்றிலும் ஓர் ஊதா வளையம் சுருங்கிக்கொண்டே வரும், அதற்கு வெளியே நின்றால் உயிர் கரைந்துபோகும். கடைசியில் மிஞ்சும் அணிக்கு வெற்றி. செத்தவர் உடனே வெளியே போய்விட வேண்டும் என்பதில்லை. தன்னைக் கொன்றவரின் முதுகுக்குப் பின்னால் நின்றுகொண்டு, அவர் எப்படி ஆடுகிறார் என்று வேடிக்கை பார்க்கலாம். அப்படி எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்பதைத்தான் அந்தக் கண் சொல்லும்.

ஆக, நீங்கள் ஒருவரையாவது கொல்லாதவரை உங்களுக்குக் கண் வராது. வரக்கூடாது.

கண்ணுக்குப் பக்கத்தில் 1 என்று இருந்தது.

"டேய், மேல ஓரத்துல உனக்குக் கண் தெரியுதா?" என்றாள் அக்கா.

"எனக்கு ரெண்டு கண்ணும் நல்லாத்தான் தெரியுது. வேலை செய்யாதது காலு மட்டும்தான்" என்றான் தம்பி.

அவன் குரல் அவளுக்கு எப்போதும் இரண்டு முறை கேட்கும். அவன் இருப்பது பின்னறையில், அவள் இருப்பது கூடத்தில், நடுவில் ஒரே ஒரு சுவர். அவன் பேசுவது முதலில் சுவர் வழியாக, போர்வைக்குள் இருந்து பேசுவதுபோல் மங்கலாக வரும். அரை நொடி கழித்து அதே பேச்சு ஹெட்போன் வழியாகக் காதுக்குள் விழும். அவனுடைய கட்டில் பக்கக் கம்பி வைத்த மருத்துவமனைக் கட்டில், அதைக் கூடத்துக்குக் கொண்டுவர வாசல் அகலம் போதாது. அதனால் இரண்டு அறை, இரண்டு திரை, இரண்டு கேம் பெட்டி. விரல்கள் சுறுசுறுப்பாக இருக்க வேண்டும் என்று பிசியோதெரபிஸ்ட் சொன்னதில் தொடங்கிய பழக்கம், இப்போது அக்காவுக்குத்தான் அதிகமாகப் பிடித்துப்போயிருந்தது. விளையாட்டில் அவனுக்குப் பெயர் 'சக்கரம்'. அவளுக்கு 'சைரன்'. இரண்டுமே அவன் வைத்த பெயர்கள்.

மணி பிற்பகல் மூன்று. அவள் ஆம்புலன்ஸில் மருத்துவ உதவியாளர். இரவெல்லாம் வேலை, காலையில் தூக்கம், சாப்பாட்டுக்குப் பிறகு தம்பியோடு இரண்டு ஆட்டம், ஆறு மணிக்கு மறுபடி சீருடை. திரையில் வெளிச்சம் அடிக்கக்கூடாது என்று கூடத்துத் திரைச்சீலைகளை இழுத்துவிட்டிருந்தாள். அவற்றின் ஓரங்களில் மட்டும் வெயில் கத்தி போல் நின்றது. துவைக்கப் போட்ட சீருடையிலிருந்து ஸ்பிரிட் வாடை, பின்னறையிலிருந்து வலி களிம்பின் கற்பூர வாடை, சூடேறிய கேம் பெட்டியிலிருந்து கருகுவதற்கு ஒரு படி முந்தைய பிளாஸ்டிக் வாடை எல்லாம் ஒன்றாகக் கலந்து, மின்விசிறிக் காற்றில் சுற்றிச்சுற்றி அவள் முகத்துக்கே வந்துகொண்டிருந்தன. தெருவில் யாரோ ஒருவர் ஸ்கூட்டரைக் கிளப்பப் பார்த்து, முடியாமல், உதைத்துக்கொண்டே இருந்தார். எல்லாம் நேற்றுபோலவே இருந்தது. அந்த ஒரு எண்ணைத் தவிர.

"சர்வர் கோளாறா இருக்கும்கா. குதி, குதி" என்றான் தம்பி.

குதித்தார்கள்.

பச்சைக் கூரை வீடுகள் நிறைந்த ஒரு குடியிருப்பில் இறங்கி, அறை அறையாகப் புகுந்து துப்பாக்கியும் கட்டுத்துணியும் பொறுக்கினார்கள். அவள் ஒருத்தனை மாடிப்படியில் வைத்துச் சாய்த்தாள். கண்ணின் எண் 2 ஆனது. இன்னொருத்தனைச் சாய்த்தாள். 3. பிறகு அந்த இரண்டு பேரும் வெறுத்துப்போய் ஆட்டத்தை விட்டுப் போனார்கள் போல, எண் இறங்கி 1-இல் வந்து நின்றது. அதற்குக் கீழே இறங்கவில்லை.

அந்தச் சத்தம் அப்போதுதான் முதலில் கேட்டது.

சன்னமான சத்தம். ஹெட்போனின் இடது பக்கத்தில், பின்புறமாக, துளைவரிசை போட்ட கனமான காகிதத்தை யாரோ ஒவ்வொரு துளையாகக் கிழிப்பது போல. ட்ர். நின்றது. அவள் நடந்தாள். ட்ர். அவள் நின்றாள். நிற்பதற்குள் இன்னொரு துளை. ஹெட்போனைக் கழற்றிப் பார்த்தாள். மின்விசிறி, ஸ்கூட்டர், பின்னறையில் தம்பியின் விரல்கள் பொத்தான்களைத் தட்டும் சத்தம், அவ்வளவுதான். மாட்டிக்கொண்டாள். ட்ர். அந்தச் சத்தத்தை அவளுடைய காது அடையாளம் காண்பதற்கு முன்பே கை கண்டுகொண்டது. வலது கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் தாமாக ஒன்றோடொன்று சேர்ந்துகொண்டன, எதையோ பிடித்துக் கிழிக்கப் போவதுபோல.

"அக்கா, ரோட்டுல பாரு. லாரிக்கு முன்னாடி. அட்டை கிடக்கு."

இவர்கள் இருவருக்கும் ஒரு சட்டம் உண்டு. அணியில் ஒருவர் செத்தால் அவர் இருந்த இடத்தில் ஒரு சின்ன அட்டை விழும். அதை எடுத்துக்கொண்டுபோய் ஒரு மீட்புக் கம்பத்தில் வைத்தால் செத்தவர் திரும்பி வருவார். மற்றவர்களெல்லாம் ஆபத்து என்றால் அட்டையை விட்டுவிட்டு ஓடுவார்கள். இந்த வீட்டில் அது கிடையாது. யார் அட்டையை விட்டுவிட்டு வருகிறார்களோ அவர்கள் ஒரு வாரம் பாத்திரம் தேய்க்க வேண்டும், சக்கர நாற்காலியில் உட்கார்ந்தாவது. சட்டம் தம்பி போட்டது. 'யாரையும் ரோட்டுல விட்டுட்டு வரக்கூடாது' என்று அவன் முதன்முதலில் சொன்னபோது அவள் எழுந்துபோய், தாகமே இல்லாமல் ஒரு செம்பு தண்ணீர் குடித்துவிட்டு வந்தாள்.

அடுத்த அணியின் அட்டை நம் கண்ணுக்குத் தெரியாது. தெரிந்தால் அது நம்முடையது. இவர்கள் இருவர், இருவரும் உயிரோடு இருந்தார்கள்.

அட்டை தார்ச்சாலையில் கிடந்தது. விளையாட்டில் எல்லா அட்டையும் நீலமாக இருக்கும். இது மஞ்சள்.

அவள் யோசிக்கவில்லை. பழகிய கை, முந்திக்கொண்டது. பொத்தானை அழுத்தி எடுத்துவிட்டாள். ஒரு கணம் அட்டை திரை முழுக்க விரிந்து நின்றது. மேலே ஒரு கயிறு. நடுவில் பேனாவால் எழுதிய நேரம்: 5.40. அந்த நான்கின் மேல்பக்கம் மூடாமல் பிளந்திருந்தது. அவள் நான்கை அப்படித்தான் எழுதுவாள்.



பதினான்கு மாதத்துக்கு முந்தைய சாயங்காலம் அது. அப்போது அவளுக்குப் பகல் வேலை. கிடங்கு ஆட்களை ஏற்றிவந்த வேன் ஒன்று நெடுஞ்சாலைத் திருப்பத்தில் கவிழ்ந்தது. முதலில் போய்ச் சேர்ந்தது அவளுடைய வண்டி. ஒன்பது பேர். ஏழு பேர் எழுந்து நடந்தார்கள், இரண்டு பேர் தார்ச்சாலையில் கிடந்தார்கள். பலர் அடிபட்ட இடத்தில் உதவியாளரின் முதல் வேலை மணிக்கட்டுகளில் அட்டை கட்டுவது. அட்டையின் அடியில் நான்கு நிறப் பட்டைகள், இடையிடையே கிழிப்பதற்குத் துளைவரிசை. கடைசியில் மிஞ்சி நிற்கும் பட்டைதான் அந்த ஆளின் நிலை. பச்சை இருந்தால் நடப்பவர். பச்சையைக் கிழித்தால் மஞ்சள்: காத்திருக்கலாம். மஞ்சளையும் கிழித்தால் சிவப்பு: உடனே ஏற்று. சிவப்பையும் கிழித்தால் கருப்பு. கருப்புக்காக யாரும் அவசரப்படுவதில்லை.

ஒருவர் நீலச் சட்டை போட்ட, ஐம்பது வயது மதிக்கத்தக்க மனிதர். வயிறு கல்லாக இறுகியிருந்தது, நாடி நூலாக ஓடியது. சிவப்பு. அதில் இரண்டாம் பேச்சுக்கே இடமில்லை. இன்னொருவனுக்கு முதுகில் அடி. மூச்சு சீராக இருந்தது, நாடியும் சீர். மஞ்சள். அவன் அவளுடைய தம்பி.

அவள் மாற்றிக் கட்டினாள்.

வண்டியில் ஒரே ஸ்ட்ரெச்சர். "இவரைத்தானேம்மா முதல்ல?" என்று ஓட்டுநர் அண்ணன் நீலச் சட்டைக்காரரைக் காட்டிக் கேட்டார். "கையில இருக்கிற கலரைப் பாருங்கண்ணே" என்றாள். நீலச் சட்டைக்காரர் தன் கையில் தொங்கிய மஞ்சளைப் பார்த்தார். பக்கத்துக் கையில் இருந்த சிவப்பைப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. அடுத்த வண்டி வர இருபத்தைந்து நிமிடம் ஆனது. அதில் வந்தவர்கள் அவருடைய அட்டையில் இரண்டு பட்டைகளைச் சேர்த்துக் கிழித்தார்கள்.

"ஒரு மணி நேரம் தாமதமா வந்திருந்தாலும் தம்பிக்கு இதே நிலைதான், நீங்க மனசைப் போட்டு குழப்பிக்காதீங்க" என்று டாக்டர் பிற்பாடு ஆறுதல் சொன்னார். பாவம், அது ஆறுதல் என்று நினைத்துத்தான் சொன்னார்.

இது தெரிந்தவர்கள் ஓட்டுநர் அண்ணனும் அவளும் மட்டும். அவர் அதைப் பற்றிப் பேசுவதில்லை. தினமும் வண்டியில் ஏறியதும் "தம்பி எப்படி இருக்கான்?" என்று மட்டும் கேட்பார். அவளுக்குத் தூக்கம் போன பகல்கள் உண்டு. ஆனால், அந்தச் சாயங்காலத்தைத் திரும்பக் கொடுத்தால் என்ன செய்வாய் என்று தன்னையே கேட்டுக்கொண்ட போதெல்லாம், வந்தது ஒரே பதில்தான். நீலச் சட்டைக்காரரைவிட அந்தப் பதிலுக்குத்தான் அவள் அதிகம் பயந்தாள்.

"என்னக்கா சிலையாட்டம் நிக்கிற? கம்பம் பக்கத்துலதான் இருக்கு."

"இது நம்ம அட்டை இல்லடா. விட்டுடலாம்."

"நமக்குத் தெரியுதுன்னா நம்ம ஆளுதான். யாரையோ பாதி ஆட்டத்துல நம்ம டீம்ல சேர்த்துவிட்டிருக்கான். கூப்பிடு பாவம்."

"வேணாம்னா வேணாம்."

"ஏன்?"

ஒரே ஒரு சொல். சுவர் வழியாக ஒரு தடவை, காதுக்குள் ஒரு தடவை.  சொல்லக்கூடிய பதில் இருந்திருந்தால் இந்தக் கதையே இல்லை. அவள் கம்பத்தின் அருகே போய், அட்டையை வைத்து, பொத்தானை அழுத்திப் பிடித்தாள்.

வானத்திலிருந்து இறங்கிவர வேண்டும், அதுதான் வழக்கம். இவர் இறங்கிவரவில்லை. லாரிக்கு முன்னால், தார்ச்சாலையில், படுத்த நிலையிலிருந்து எழுந்து நின்றார். நீலச் சட்டை. தலைக்கு மேல் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் கோடு. துப்பாக்கி எடுக்கவில்லை. அக்கா நடந்தால் நடந்தார், நின்றால் நின்றார். அவள் கேமராவைத் திருப்பும்போதெல்லாம் அவர் முகம் அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது, முகம் என்று சொல்ல அங்கே பெரிதாக ஒன்றும் இல்லாவிட்டாலும்.

திரையின் மேலே உயிரோடு இருப்பவர்களின் எண்ணிக்கை சரசரவென்று இறங்கியது. முப்பது. பதினெட்டு. பதினொன்று. சுடும் சத்தம் எங்கேயும் கேட்கவில்லை. ஊதா வளையம் வீட்டுக் கூரைகளைத் தின்றுகொண்டே வந்தது. வெளியே ஸ்கூட்டர் சத்தம் எப்போது நின்றது என்று அவளுக்குத் தெரியவில்லை. திரைச்சீலை ஓரத்து வெயில் அப்படியே இருந்தது. ஆனால் அந்த வெயிலில் ஒரு தூசிகூட அசையவில்லை.

அப்போது மூச்சு கேட்டது.

வயிறு இறுகிப்போனவர்கள் விடும் மூச்சு அது. மேலோட்டமாக, வேகவேகமாக, பாதியிலேயே வெட்டுப்பட்டு. ஆயிரம் தடவை கேட்டிருப்பாள். ஹெட்போனில் கேட்டிருந்தால் பரவாயில்லை, அவருடைய மைக் என்று நினைத்துக்கொள்ளலாம்.

முதலில் சுவர் வழியாகக் கேட்டது. அரை நொடி கழித்துத்தான் ஹெட்போனில்.

"டேய்," என்றாள்.  "உன் ரூம்ல யாரு?"

"நான்தான். வேற யாரு, பக்கத்து வீட்டு மாமாவா?" சிரித்தான். பிறகு சொன்னான், "இவரு நல்லா பேசுறாருக்கா. உனக்குக் கேக்கலையா?"

"என்ன பேசுறாரு?"

 மூச்சு சுவர் வழியாக வந்தது. ஹெட்போனில் வந்தது. சுவர். ஹெட்போன்.

"அக்கா. அன்னைக்கு என் கையில என்ன கலர் கட்டின?"

அவள் ஹெட்போனை வீசிவிட்டு ஓடினாள். நான்கே எட்டு. பின்னறைக் கதவை இந்தப் பதினான்கு மாதத்தில் ஒரு நாளும் சாத்தியதில்லை, சக்கர நாற்காலி வந்துபோவதற்காக அதன் கீழே ஒரு மரக்கட்டையே வைத்திருந்தார்கள். இப்போது சாத்தியிருந்தது. மரக்கட்டை வெளியே, அவள் காலடியில் கிடந்தது. கைப்பிடி அசையவில்லை. தோளால் இடித்தாள். சுவரை இடிப்பதுபோல் இருந்தது.

"கதவைத் திறடா!"

உள்ளே கட்டில் கம்பி ஒரு தடவை அதிர்ந்தது. யாரோ பிடித்து உட்கார்ந்ததுபோல.

கூடத்தில், திரையில், ஒரே ஒரு வெடி. எங்கிருந்தோ. திரும்பிப் பார்த்தாள். சக்கரம் என்று பெயர் போட்ட உருவம் சாலையில் மண்டியிட்டு விழுந்தது. அதே நொடி கதவுக்குப் பின்னால் தம்பி கத்தினான்.

"அக்கா! காலு! காலு வலிக்குதுக்கா!"

பதினான்கு மாதமாக இடுப்புக்குக் கீழே ஊசி குத்தினாலும் உணர்வு தெரியாதவன்.

அப்போது அவளுக்கு விளங்கியது. இந்தக் கதவு இங்கே திறக்காது. திறக்க வேண்டிய இடம் வேறு. அவள் ஓடிவந்து நாற்காலியில் விழுந்து கன்ட்ரோலரைக் கையில் எடுத்தாள்.

திரையில் ஒரு தார்ச்சாலை. கவிழ்ந்த ஒரு வேன். சற்றுமுன் அங்கே லாரிதான் நின்றது. சாலையில் இரண்டு பேர். நீலச் சட்டைக்காரரும் விழுந்து கிடந்தார், அவரை யாரும் சுடாமலே. இருவர் தலைக்கு மேலும் உயிர்க்கோடு தேய்ந்துகொண்டிருந்தது. தம்பியுடையது பாதிக்கு மேல். அவருடையது நகக்கண் அளவு. ஊதா வளையம் இருபது அடி தூரத்தில் வந்துவிட்டது. விழுந்தவரைத் தூக்கிவிட ஏழு நொடி பொத்தானைப் பிடித்திருக்க வேண்டும். ஒரு நேரத்தில் ஒருவரைத்தான்.

மீதி இருப்பவர்கள்: 3.

கண்: 1.

கீழே கிடந்த ஹெட்போனை மாட்டினாள். ட்ர். ட்ர். ட்ர்.

"அக்கா." தம்பியின் குரல். அதில் வலி இருந்தது, ஆனால் பயம் இல்லை. "அவரை முதல்ல தூக்கு. அவருக்குக் கொஞ்சம்தான் இருக்கு. நான் தாங்குவேன்."

 அன்றைக்கும் இதைத்தான் சொன்னான். தார்ச்சாலையில், அரை மயக்கத்தில், இதே சொற்கள். மறந்துவிட்டான் என்று நினைத்திருந்தாள். மறந்துவிட வேண்டும் என்று வேண்டியிருந்தாள்.

"உனக்குத் தெரியுமாடா?"

"அரைகுறையாத் தெரியும். கலர் மட்டும் தெரியாது. இப்பத்தான் சொன்னாரு." ஒரு முனகல். "நான் கோவிச்சுக்கலைக்கா. ஆனா இவரைத் தூக்கு. இந்தத் தடவையாவது."

நீலச் சட்டைக்காரர் தலையைத் தூக்கினார். தன் மணிக்கட்டைப் பார்த்தார். தம்பியின் மணிக்கட்டைப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார். திரைக்குள் இருந்த அவளை அல்ல. இந்தப் பக்கம், நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தவளை.

ஒன்றும் கேட்கவில்லை.

அக்காவுக்கு அப்போது என்ன வந்தது என்று நினைக்கிறீர்கள்? அழுகை வரவில்லை. மன்னிப்புக் கேட்கும் எண்ணமும் வரவில்லை. பதினான்கு மாதமாகக் குனிந்தே நடந்த ஒருத்தி நிமிர்ந்து உட்கார்ந்தாள். பயம் போகவில்லை, அது கழுத்துவரைக்கும் இருந்தது. அதற்கு மேலே தலை இருந்ததே, அந்தத் தலையை நிமிர்த்தினாள்.

"கேளுங்க," என்றாள் சத்தமாக. "நான் செஞ்சது தப்புதான். உங்களுக்கு வரவேண்டிய சிவப்பை எடுத்து என் தம்பிக்குக் கட்டினேன். எந்தச் சட்டத்துலயும் அது சரியில்ல. உங்க வீட்டு ஆளுங்க முன்னாடி நிக்கச் சொல்லுங்க, நிக்கிறேன். வேலையை விடச் சொல்லுங்க, விடுறேன். என் உயிரு வேணுமா, இந்தாங்க, வந்து எடுத்துக்கங்க. ஆனா அவனைத் தொடக்கூடாது. இன்னும் நூறு தடவை இந்த ரோட்டை என் முன்னாடி கொண்டுவந்து போடுங்க. நூறு தடவையும் நான் இவனைத்தான் முதல்ல தூக்குவேன்."

"அக்கா, வேணாம்!"

"நீ வாயை மூடு."

தம்பியின் உருவத்தின் பக்கத்தில் மண்டியிட்டாள். பொத்தானைப் பிடித்தாள்.

ஒன்று. வளையம் வேனைத் தொட்டது. இரண்டு. அறையில் ஸ்பிரிட் வாடை போய்த் தார் வாடை அடித்தது. சூடான தார், கசிந்த டீசல். மூன்று. சுவருக்குப் பின்னால் மூச்சு. நான்கு. அவள் நாற்காலிக்குப் பின்னால் மூச்சு. பிடரி முடி அசைந்தது. திரும்பவில்லை. ஐந்து. ட்ர். ஆறு. "பாருங்க," என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு, "நல்லாப் பாருங்க, அதுக்குத்தானே வந்தீங்க." பொத்தானை விடவில்லை.

ஏழு.

தம்பியின் உருவம் எழுந்து நின்றது. நீலச் சட்டைக்காரரின் கோடு தீர்ந்தது. அவர் தலை மெல்லத் தார்ச்சாலையில் சாய்ந்தது, அன்றைக்குச் சாய்ந்தது போலவே, யாரையும் தொந்தரவு செய்யாமல். அவர் கிடந்த இடத்தில் ஒரு மஞ்சள் அட்டை விழுந்தது. பிறகு அந்த அட்டையும் மறைந்தது.

திரை பொன்னிறமாக வெடித்தது. வெற்றி.

பின்னறைக் கதவு தானாகத் திறந்துகொண்டது. தெருவில் ஸ்கூட்டர் கிளம்பிப் போனது. திரைச்சீலை ஓரத்து வெயிலில் தூசி மறுபடி மிதந்தது.

ஹெட்போனைக் கழற்றிப் போட்டுவிட்டு எழுந்து போனாள்.  தம்பி கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான், முகமெல்லாம் வியர்வை, மடியில் கன்ட்ரோலர். உயிரோடு. அறையில் வேறு யாரும் இல்லை. கட்டிலின் ஓரத்தில் மட்டும், கம்பிக்குப் பக்கத்தில், ஒரு ஆள் உட்கார்ந்த அளவுக்கு மெத்தை அமுங்கியிருந்தது.

"ஜெயிச்சுட்ட போல," என்றான். சிரிக்க முயன்றான். "வலி நின்னுருச்சு. ஆனா சட்டத்தை மீறிட்ட. ஒரு வாரம் பாத்திரம் உன்னோடது."

"ஒரு வருஷம்கூடத் தேய்க்கிறேண்டா." அவன் தலையைப் பிடித்து மார்போடு அணைத்துக்கொண்டாள். சிரித்தாள். அப்போதுதான் அவன் தோளுக்கு மேலாக அவனுடைய திரையைப் பார்த்தாள். ஆட்டம் முடிந்தால் கண் மூடிக்கொள்ளும். மூடவில்லை. இவ்வளவு நேரம் அவள் திரையில் இருந்த கண், இப்போது அவன் திரையில் இருந்தது.

1.

ட்ர்.

ஹெட்போன் யார் காதிலும் இல்லை.

குனிந்து பார்த்தாள். தம்பியின் இடது மணிக்கட்டில் ஓர் அட்டை கட்டியிருந்தது. நேரம் 5.40. மேல்பக்கம் பிளந்த நான்கு. பச்சைப் பட்டை இல்லை. மஞ்சள் பட்டை, கடைசித் துளையில் ஒட்டிக்கொண்டு ஆடிக்கொண்டிருந்தது. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அறுந்து போர்வைமேல் விழுந்தது.

சிவப்பு.

"என்னக்கா இது?" என்றான் தம்பி. அவன் உதடு வெளுத்திருந்தது. "அக்கா, வயிறு கல்லு மாதிரி இருக்கு."

கயிற்றைப் பல்லால் கடித்தாள். கத்தரிக்கோலால் வெட்டினாள். கத்தரிக்கோலின் வாய்தான் மழுங்கியது. சிவப்புப் பட்டையின் ஓரத்தில் முதல் துளை பிளந்தது. ட்ர். அதற்கு மேலே கருப்பு தெரிந்தது.

அவள் கட்டிலின் மேல் ஏறி முட்டி போட்டு உட்கார்ந்தாள். இரண்டு கட்டைவிரல், இரண்டு ஆள்காட்டி விரல். துளைவரிசையின் இரு பக்கமும் சேர்த்து, நகம் வெளுக்கும்வரை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். பட்டை நின்றது. தம்பிக்கு மூச்சு சற்றே சீரானது. அவள் விரல் தளர்ந்தால் அவன் மூச்சு வெட்டுப்பட்டது. இறுக்கினால் சீரானது.

"விடமாட்டேன்," என்றாள் காலியாக இருந்த அந்தக் கட்டில் ஓரத்தைப் பார்த்து. "ராத்திரி ஆகட்டும். விடியட்டும். எத்தனை நாள் ஆனாலும் ஆகட்டும். விடமாட்டேன்."

ஆறு மணிக்கு வாசலில் ஆம்புலன்ஸ் வந்து நின்று ஹாரன் அடித்தது. "தம்பி எப்படி இருக்கான்?" என்று ஓட்டுநர் அண்ணன் வண்டியிலிருந்தே குரல் கொடுத்தார்.  பதில் சொன்னால் பிடி தளரும். வியர்வையில் காகிதம் வழுக்கத் தொடங்கியிருந்தது.

மெத்தையின் பள்ளம் இன்னும் கொஞ்சம் அமுங்கி, அவள் பக்கமாக நகர்ந்து வந்தது. சிவப்புப் பட்டையின் மறுமுனை, யாரோ விரலால் பிடித்ததுபோல் சுருங்கி, மெல்ல இறுகியது. அவசரமே இல்லாமல் இழுத்தது, காத்திருந்து பழகிய கை.